மரத்தடிப் பெரட்டும் என் புகார்க் கடிதமும்

துணி எடுக்கத்தான் வீட்டு முன் நடைபாதைக்குப் போனேன். மூன்றாவது மாடியிலிருந்து கீழே எட்டிப் பார்த்தவள், கையிலிருந்த துண்டோடு அப்படியே நின்றுவிட்டேன்.

தூங்குமூஞ்சி மரத்தடியில் பதினோரு பேர் நின்றுகொண்டிருந்தார்கள். நாற்காலி ஒன்றுகூட இல்லை. காலையில்தான் நகராட்சி லாரி வந்து அத்தனையையும் அள்ளிக்கொண்டு போயிருந்தது. நாற்காலி போனால் கூட்டமும் கலையும் என்றுதானே நினைப்போம்? அதுதான் இல்லை. நேற்றுவரை யார் எங்கே உட்கார்ந்திருந்தார்களோ, இன்று சரியாக அங்கே நின்றுகொண்டிருந்தார்கள். சோஃபா கிடந்த இடத்தில் அக்கம்பக்கத்துச் சரஸும், காக் யா என்று நாங்கள் கூப்பிடும் மலாய் அக்காவும் தோளோடு தோள் ஒட்டிக்கொண்டு. வேர் ஓரமாக மணியம் அண்ணன். அவருக்குப் பக்கத்தில் ஓர் ஆள் உட்காரும் அளவுக்கு இடம் காலியாக, அதுவும் நேற்றுப் போலவே.

முதலில் சிரிப்பு வந்தது. அடுத்த நிமிஷமே துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு பின்வாங்கினேன். ஏனென்றால் அந்த லாரியை வரவழைத்த புண்ணியவதி நான்தான்.

இந்தத் தொடரில் இத்தனை வாரமாக ஊரார் லட்சணத்தையெல்லாம் எழுதிவந்தேன். இந்த வாரம் என் லட்சணம்.

கழித்துப் போட்ட ராஜ்ஜியம்

நாங்கள் குடியிருக்கும் ஊரான மாசாயில், எங்கள் அடுக்குமாடியைச் சுற்றி இருக்கும் வீடுகளுக்கு ஒரு வழக்கம் உண்டு. யாரும் கூட்டம் போட்டு முடிவு செய்ததல்ல. தீபாவளியோ ஹரி ராயாவோ சீனப் பெருநாளோ, புது சோஃபா வாங்கினால் பழசு குப்பைத் தொட்டிக்குப் போகாது, மரத்தடிக்குப் போகும். கொண்டுவந்து போட்டவருக்கு அன்றிலிருந்து அங்கே இடம் உண்டு. அவ்வளவுதான் சட்டம்.

அப்படிச் சேர்ந்த சாமான்களைக் கேளுங்கள். ஒரு கால் போய்ச் செங்கல்லில் நிற்கும் சோஃபா. முடிவெட்டும் கடையின் சுழல் நாற்காலி. ஏதோ கிளினிக்கிலிருந்து வந்த, மூன்று இருக்கை ஒட்டிய பெஞ்சு. ஒரு காரின் பின்சீட்டு. கயிறு போட்டுக் கட்டிய பிளாஸ்டிக் நாற்காலிகள். நடுவில் மேசைக்குப் பதிலாக ஒரு லாரி டயர், அதன்மேல் பலகை. மழை பெய்தால் டயருக்குள் தண்ணீர் தேங்கும்.

சாயங்காலம் ஆறு மணிக்கு அந்த மரம் இலையைக் கூப்பித் தூங்கப் போகும். அந்த நேரத்துக்குத்தான் இவர்கள் விழித்துக்கொள்வார்கள். பாசிர் கூடாங் தொழிற்சாலையிலிருந்து மோட்டார் சைக்கிள்கள் திரும்பும். கெட்டிலில் தேநீர் வரும், பக்கோடா வரும், அப்புறம் சிரிப்பு வரும். அந்தச் சிரிப்பு மூன்றாவது மாடிவரைக்கும் தெளிவாகக் கேட்கும்.

கிராணி வம்சம்

நான் பத்து பாகாட் ஊர்க்காரி. அப்பா தோட்டத்தில் கிராணி. பால்மரத் தோட்டங்களைத் தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன்: கிராணி என்றால் கணக்குப்பிள்ளை. விடியுமுன் தொழிலாளிகள் வரிசையாக நிற்பார்கள், கிராணி பேர் கூப்பிட்டுப் பதிவு செய்வார். அந்த வரிசைக்குப் பெயர் பெரட்டு. பெரட்டுக்கு வராதவனுக்கு அன்றைக்குச் சம்பளம் இல்லை. நிற்கிறவர்கள் ஒரு சாதி, பேர் போடுகிறவர்கள் இன்னொரு சாதி என்கிற நினைப்பு எங்கள் வீட்டில் சோற்றோடு ஊட்டப்பட்டது.

"நாற்காலிய வாசல்ல போட்டா மரியாதையும் வாசலோட போயிடும்" என்பார் அப்பா. எங்கள் வீட்டு நாற்காலிகள் வெயிலைப் பார்த்ததே கிடையாது.

நானும் இருபத்தாறு வருஷம் அரசாங்க அலுவலகத்தில் கிராணியாகத்தான் இருந்தேன். முன்கூட்டியே ஓய்வு வாங்கியதும், என் வீட்டுக்காரர் செல்வாவின் வேலைக்காக மாசாய்க்கு வந்தோம். "ரெண்டே வருஷம்தான், அப்புறம் நல்ல எடமா பாத்துப் போலாம்" என்றார். ஏழாவது வருஷமும் அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார்.

மகள் சிங்கப்பூரில். செல்வாவுக்கு ஷிஃப்ட் வேலை. பகல் முழுக்க நானும் தொலைக்காட்சியும்தான்.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நாலு மணிக்கே காய்ந்துவிடும் துணியை நான் ஆறு மணிக்குத்தான் எடுப்பேன். ஒவ்வொரு சட்டையாக, ஒவ்வொரு கிளிப்பாக, ஒன்றரை மணி நேரம். யார் மகளுக்குப் பரீட்சை, யாருக்குச் சர்க்கரை கூடிவிட்டது, யார் மருமகன் வாய் திறக்கமாட்டான், எல்லாம் எனக்கு அத்துப்படி. கீழே நகைச்சுவை சொன்னால் மேலே நான் துணியில் முகத்தை மறைத்துக்கொண்டு சிரிப்பேன். இறங்கிப் போக மட்டும் கௌரவம் விடவில்லை. தனியாகத்தான் இருந்தேன், அதை யாரிடமும் ஒப்புக்கொண்டிருக்க மாட்டேன்.

"எல்லாம் நேரா நில்லுங்க!"

மணியம் அண்ணன் துறைமுகத்தில் பாரந்தூக்கி வண்டி ஓட்டி ஓய்வு பெற்றவர். மனைவி பாக்கியம் காலமாகிச் சில வருஷங்கள் ஆகியிருந்தன. அவர் பக்கத்தில் ஒரு ரோத்தான், அதாவது பிரம்பு, நாற்காலி எப்போதும் காலியாக இருக்கும். பாக்கியத்தின் நாற்காலி என்று அதில் யாரும் உட்காரமாட்டார்கள். தெரியாமல் உட்காரப்போன விருந்தாளியைச் சரஸ் சட்டையைப் பிடித்துத் தூக்கியதை நானே மேலிருந்து பார்த்திருக்கிறேன்.

அந்த மரத்தடிக் கூட்டத்துக்கு "அந்திப் பெரட்டு" என்று பேர் வைத்தவரும் அவர்தான். பாட்டன் பூட்டன் எல்லாம் பெரட்டுக்குப் பயந்து ஓடினார்கள், பேரன்கள் ஆளாளுக்கு நாற்காலி தூக்கிக்கொண்டு தாங்களாகவே வந்தார்கள்.

ஒருநாள் காய்கறிப் பையோடு அந்த வழியாக வந்தேன். வழக்கம்போலத் தலையை நிமிர்த்திக்கொண்டு, யாரையும் பார்க்காத பார்வையோடு.

"அடடே, கிராணியம்மா வராங்க!" என்றார் மணியம் அண்ணன். "எல்லாம் நேரா நில்லுங்க, பேரு போடப் போறாங்க!"

அத்தனை பேரும் எழுந்து வரிசையாக நின்றார்கள். சரஸ் வெற்றிலை வாயோடு "ஆஜர்!" என்றாள். அடுத்தவர் "ஆஜர்!" கடைசியில் காக் யா. அவர் மலாய்க்காரர், ஆனால் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவர், தமிழில் நம்மைவிட நன்றாகத் திட்டுவார். அவரும் விறைப்பாக நின்று "ஆஜருங்க தொரே!" என்றார். மரமே குலுங்கும்படி ஒரு சிரிப்பு.

எனக்குக் காது மடல் எரிந்தது. படியேறி வீட்டுக்குள் போய்க் காய்கறியைக்கூட எடுத்துவைக்காமல் பேனாவை எடுத்தேன்.

மொட்டைக் கடுதாசி எழுதும் ஆளா நான்?

இருபத்தாறு வருஷத்தில் எத்தனை புகார்க் கடிதங்களைக் கோப்பில் போட்டிருப்பேன்! ஒருமுறை நானே எழுதக் கொடுத்துவைத்தது அன்றைக்குத்தான். சுத்தமான அலுவலக மலாயில், மூன்று பத்தி. டயரில் கொசு, டெங்கி அபாயம். பழைய பஞ்சு மெத்தைகளால் தீ அபாயம். பொது இடத்தின் அழகுக்குக் கேடு. கொசு விஷயம் பொய்யில்லை. ஆனால் என்னைக் கடித்தது கொசு அல்ல என்பது எனக்கே தெரியும்.

இங்கேதான் என் வம்சத்துப் புத்தி வேலை செய்தது. வேறு யாராக இருந்தாலும் பேர் போடாமல் அனுப்பியிருப்பார்கள். என் மேசைக்கு மொட்டைக் கடுதாசி வந்தால் நான் படிக்காமலே குப்பையில் போடுவேன். ஆகவே முழுப்பெயர், அடையாள அட்டை எண், மாடி, கதவு எண், தொலைபேசி எல்லாம் போட்டு, அடியில் கோடிழுத்துக் கையெழுத்தும் போட்டேன்.

ஒன்பதாவது நாள் லாரி வந்துவிட்டது. நான் வேலை பார்த்த காலத்தில் எந்தக் கடிதத்துக்கும் ஒன்பது நாளில் பதிலே போனதில்லை.

அன்று மதியம் வேலை முடிந்து வந்த செல்வா, நடைபாதையிலிருந்து கீழே பார்த்து, "அலமாக்! என் நாற்காலி!" என்று அலறினார்.

"உங்க நாற்காலியா?"

மனிதர் எச்சில் விழுங்கினார். எங்கள் சாப்பாட்டு மேசைக்கு ஆறு நாற்காலி. முந்தின வருஷம் ஒன்று உடைந்துபோய்த் தூக்கிப் போட்டதாகச் சொல்லியிருந்தார். அது உடையவில்லை. மரத்தடியில் முடிவெட்டும் நாற்காலிக்குப் பின்னால், மேலிருந்து பார்த்தால் கிளை மறைக்கிற இடமாகப் பார்த்துப் போட்டிருக்கிறார். ரொட்டி வாங்கப் போனால் ஒரு மணி நேரம் ஆகும் ரகசியம் அப்போதுதான் புரிந்தது. என் வீட்டு நாற்காலி மேலேயே நான் புகார் கொடுத்திருக்கிறேன்.

இன்னொரு கடிதம்

பதினோரு பேரும் நின்றுகொண்டே பெரட்டு நடத்தியதற்கு மறுநாள் காலை, கதவைத் தட்டும் சத்தம். மணியம் அண்ணன். செருப்பைக் கழற்றிவிட்டு வாசலுக்கு வெளியிலேயே நின்றார். கதவைப் பாதிதான் திறந்தேன். தெரிந்துவிட்டதோ?

"கிராணியம்மா, ஒரு ஒதவி. என் சம்சாரம் நாற்காலி போயிடுச்சு. மத்ததெல்லாம் போனா போகட்டும், அது மட்டும் வேணும். நீங்கதான் ஆபீஸ்ல இருந்தவங்க. ஒரு லெட்டர் எழுதிக் குடுங்களேன்."

"உள்ள வந்து உக்காருங்க" என்றேன். ஏழு வருஷத்தில் முதல் முறை.

"இருக்கட்டும்மா. நேத்துலேருந்து நின்னு பழகிட்டேன்" என்று சிரித்தார்.

எழுதினேன். என் புகாருக்கு எதிராக நானே முறையீடு எழுதினேன். முதல் கடிதத்தைவிட இது நன்றாகவே வந்தது. மனைவியின் நினைவாகக் கணவர் காத்துவந்த நாற்காலி என்ற வரியில் எனக்கே கண் கலங்கியது. வெட்கங்கெட்ட கண். அவர் நிதானமாகக் கையெழுத்துப் போட்டுவிட்டு, "நீங்களும் கூட வந்துடுங்கம்மா. பேசுற மலாய் வரும், ஆபீஸ் மலாய்க்கு நா எங்க போவேன்?" என்றார்.

மறுத்தால் சந்தேகம் வரும். போனேன். அவருடைய பழைய வேனில் பின் இருக்கைகளைக் கழற்றியிருந்தார், நாற்காலியைப் பத்திரமாகக் கொண்டுவர.

நகராட்சி அலுவலக முகப்பில் இருந்த இளம்பெண் தங்கமானவள். கடிதத்தை வாங்கிப் படித்தாள், முகம் இளகியது. கோப்பைத் தேடி எடுத்துவந்து விரித்தாள். மேலே என் முதல் கடிதம். இதையும் அதையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். அப்புறம் என்னைப் பார்த்தாள்.

"ரெண்டும் ஒரே எழுத்தா இருக்கே, புவான்?" என்று மலாயில் மரியாதையோடு கேட்டாள். குத்தலே இல்லை, உண்மையான ஆச்சரியம். விரலால் வரியைத் தொட்டு என் முழுப்பெயரையும் மாடியையும் கதவு எண்ணையும் வாசித்தாள். "இது நீங்கதானே? அப்போ புகாரை வாபஸ் வாங்குறீங்களா?"

அந்த மலாய் மணியம் அண்ணனுக்கு நன்றாகவே புரிந்தது.

அவர் மேசைமேல் குனிந்தார். கோப்பைப் பார்த்தார், என் பேரைப் பார்த்தார். பிறகு அவளிடம் தன் மலாயிலேயே, "சாமானெல்லாம் எங்க வச்சிருக்கீங்க?" என்று கேட்டார்.

கிடங்கில்

கட்டடத்துக்குப் பின்னால் தகரக் கொட்டகை. கிளினிக் பெஞ்சு இருந்தது, முடிவெட்டும் நாற்காலி இருந்தது. இரும்பு சாமானை மட்டும் எடுத்துவைப்பார்களாம். மரம், பஞ்சு, பிரம்பு எல்லாம் அன்றைக்கே நசுங்கிக் குப்பைமேட்டுக்குப் போய்விட்டது.

அது தெரிந்த பிறகும் அவர் ஒவ்வொன்றாக நகர்த்திப் பார்த்தார். நானும் நகர்த்தினேன். கையெல்லாம் துரு. அரை மணி நேரம் கழித்து வேனுக்குத் திரும்பினோம். அவர் சாவியைப் போடவில்லை.

"ஏம்மா?" என்றார். அவ்வளவுதான் கேட்டார்.

கொசு, டெங்கி என்று ஆரம்பித்து நிறுத்திவிட்டேன். "சிரிச்சீங்க. எல்லாரும் எந்திரிச்சு நின்னு சிரிச்சீங்க."

"அதுக்கா?"

"அதுக்குத்தான்."

அழுகை வந்துவிட்டது. ஐம்பத்து மூன்று வயதில், நகராட்சி வாகன நிறுத்தத்தில், கையில் துருவோடு விசும்பினேன். "அக்காவோட நாற்காலின்னு தெரியும். மத்தது போனா போகுதுன்னு நெனைச்சேன், அதுவும் போகும்னு யோசிக்கல. மன்னிச்சிடுங்கண்ணே."

அவர் ஸ்டியரிங்கைத் தடவினார்.

"அவ அதுல ஒரு நாளுகூட உக்காந்ததில்ல, தெரியுமா?" என்றார்.

நான் மூக்கை உறிஞ்சுவதை நிறுத்தினேன்.

"எல்லாம் வூட்ல கழிச்சதத்தான் கொண்டாருவாங்க. நா அத மட்டும் புதுசா வாங்கியாந்தேன், அவளுக்காக. எறங்கி வா, எறங்கி வான்னு கூப்புட்டுப் பாத்தேன். நாலு பேரு முன்னால எனக்கு என்னா பேச்சு, நாளைக்கு வரேன்னுவா. தெனமும் நாளைக்குத்தான். மேலேருந்து பாத்துக்கிட்டே இருப்பா, துணி எடுக்குற மாதிரி." என்னை ஒருமுறை திரும்பிப் பார்த்தார். "கையப் புடிச்சு ஒரு தடவ இழுத்தாந்திருக்கலாம். நா கீழ சிரிச்சுக்கிட்டிருந்தேன். அப்புறம் படுத்துட்டா. எல்லாரும் அது அவ நெனவா வச்சிருக்கேன்னு நெனைக்கிறாங்க. நா அவளுக்குப் பதில் சொல்லிக்கிட்டு இருக்கேம்மா."

நான் கையிலிருந்த துருவைத் தேய்த்துக்கொண்டிருந்தேன்.

வண்டியைக் கிளப்பினார். காலி வேன் வழியெல்லாம் கடகடவென்று ஆடியது. எங்கள் கட்டடத்தின் கீழே நிறுத்தியதும், "நா யார்ட்டயும் சொல்லமாட்டேன். சொல்றதுன்னா நீங்களே எறங்கி வந்து சொல்லுங்க" என்றார். கோபமாகத்தான் சொன்னார். கதவை அறைந்து சாத்திவிட்டுப் போனார்.

ஆறு மணி

சாயங்காலம் வழக்கம்போல நடைபாதையில் நின்றேன். கீழே பதினோரு பேர், மறுபடியும் நின்றுகொண்டு. நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம், இன்றைக்குத் தலைவலி என்று மனசு சொன்னது. நாளைக்கு என்ற வார்த்தை வந்ததுமே எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. கிளிப்புக் கூடையை அங்கேயே வைத்துவிட்டுப் படியிறங்கினேன்.

நான் மரத்தடிக்கு வந்ததும் பேச்சு நின்றது. செல்வா என்னைப் பார்த்துவிட்டு, முன்பின் தெரியாதவர் போல மரத்தை ஆராய ஆரம்பித்தார்.

"லாரிக்கு லெட்டர் போட்டது நான்தான்" என்றேன்.

அப்புறம் சரஸ் பிடித்துக்கொண்டாள் பாருங்கள்!

"நீங்களா? என் சோஃபாவத் தூக்குனது நீங்களா? என் மவள பொண்ணு பாக்க வந்தவங்க உக்காந்த சோஃபா அது! கொசுவாம் கொசு! ஒங்க பூத்தொட்டித் தட்டுல கொசு இல்லியா? மூணாவது மாடிலேருந்து தெனமும் என் தலையில தண்ணி ஊத்துறீங்களே, நா லெட்டர் போட்டனா? ஏழு வருசமா ஒரு சிரிப்பு உண்டா, பசியாறியாச்சான்னு ஒரு விசாரிப்பு உண்டா? பெரிய ஆபீசரு!"

அவள் மூச்சு வாங்கிய இடத்திலெல்லாம் காக் யா விட்டுப்போனதை எடுத்துக் கொடுத்தார். "மிதியடி சரஸ், அந்த மிதியடி விசயத்த கேளு." மிதியடி விஷயமும் கேட்கப்பட்டது, அது தனிக்கதை. மணியம் அண்ணன் வாய் திறக்கவில்லை. என் வீட்டுக்காரரும் திறக்கவில்லை, அதற்கு அவருக்கு வீட்டில் தனியாகக் கிடைத்தது.

எல்லாம் நியாயமான திட்டு. ஒன்றுக்கும் எதிர்ப்பேச்சுப் பேசவில்லை. வம்சத்திலேயே முதல் தடவையாக ஒரு கிராணி வரிசையின் இந்தப் பக்கம் நின்றாள்.

சுராவ் தொழுகைக்கூடத்திலிருந்து பாங்கு ஒலித்தது. காக் யா முக்காட்டைச் சரிசெய்துகொண்டு கிளம்பினார். அவரவர் வீட்டுக்குப் போகும் நேரம். எனக்கு எல்லாம் முடிந்துவிட்டது என்று தெரிந்தது. இனி இந்தப் பக்கம் முகத்தைக் காட்ட முடியாது, ஜன்னலைச் சாத்திக்கொள்ள வேண்டியதுதான். "எல்லாரும் மன்னிச்சிடுங்க" என்று சொல்லிவிட்டுப் படிக்கட்டைப் பார்த்துத் திரும்பினேன்.

"எங்க போறீங்க?" என்றாள் சரஸ்.

"மேல..."

"நா இன்னும் முடிக்கல லா. சோறு வடிக்கணும், போயாகணும். நாளைக்கு ஆறு மணிக்கு வாங்க, மிச்சத்தத் திட்டுறேன்."

நான் தலையாட்டினேன். அவள் நாலடி போய்விட்டுத் திரும்பி வந்தாள்.

"வெறுங்கையோட வராதீங்க. நாற்காலி கொண்டாங்க. நா திட்டுற திட்டுக்கு ஒங்க வயசுல நின்னுக்கிட்டே தாங்க மாட்டீங்க."

மறுநாள் சாப்பாட்டு மேசையிலிருந்து ஒரு நாற்காலியை மூன்று மாடி இறக்கினேன். எங்கே போடுவது என்று தெரியாமல் நின்றபோது, மணியம் அண்ணன் தன் பக்கத்துக் காலி இடத்தைக் கையால் மறைத்துக்கொண்டு, "இங்க இல்ல. அந்தப் பக்கம்" என்று சரஸுக்கு எதிரே காட்டினார். அன்றைக்கு அவர் என்னிடம் பேசிய ஒரே பேச்சு அது. சரியாகப் பேச இரண்டு மாதம் ஆனது. வீடு வீடாகக் கழித்த வேறு நாற்காலிகள் மறுபடி வந்து சேர்ந்தன. டயர் மட்டும் வரவில்லை, அதில் நான் விட்டுக்கொடுக்கவில்லை.

இதெல்லாம் நடந்து ஆறேழு வருஷம் இருக்கும். சரஸ் இன்னும் முடிக்கவில்லை.